நாலரை அங்குலம்

ராயக்கோட்டை சாலையில், லாரி பட்டறைக்கு எதிரே
கல்பலகை வேய்ந்த வீடு. நடுவில் ஒரு சுவர்.
பாகம் பிரித்த வருடம் எழுப்பியது.
இந்தப் பக்கம் முனிலட்சுமி,
அந்தப் பக்கம் அவள் கொழுந்தன் கெம்பராஜ்.
பத்தொன்பது வருடமாகப் பேச்சில்லை.

டூவீலர் ஷோரூம்காரன் வந்தான்.
ஒரே ஹாலாகக் கொடுத்தால் மாசம் நாற்பதாயிரம்.
இரண்டு பேரும் தனித்தனியே எனக்குப் போன் போட்டார்கள்.
அவள் அக்கா என்றாள், அவர் மேடம் என்றார்.
"சும்மா தடுப்புச் சுவரு,
ஒரு பாரமும் ஏறல, கடப்பாரை போதும்."
அதில் மட்டும் ஒரே வாக்கு.

ஏணி வைத்து
சுவருக்கு மேலே ஓடும் மர உத்திரத்தில்
ஸ்க்ரூடிரைவரை அழுத்தினேன்.
கைப்பிடி வரை போனது.
வெளியே வார்னிஷ், உள்ளே கரையான் மண்.

எந்த வருடமென்று யாருக்குத் தெரியும்.
ஏதோ ஒரு ராத்திரி மரம் கைவிட்டிருக்கிறது.
கோபத்தில் கட்டிய நாலரை அங்குலம்
சத்தமில்லாமல் வாங்கிக்கொண்டிருக்கிறது,
பக்கத்துக்கு ஒன்பது கல்லை,
ஆறு ஆள் தூக்கும் கல்லை.
அதன் கீழேதான் இரண்டு குடும்பமும்
முதுகு திருப்பிப் படுத்திருக்கிறது.

சொன்னேன்.
இருவரும் சுவரைப் பார்த்தார்கள்,
அவரவர் பக்கத்திலிருந்து.

பக்கத்துக்கு ஏழு ஜாக்கி.
கால் திருகு, நிறுத்து, காது கொடு.
கால் திருகு, நிறுத்து.
கல் முனகும், சுண்ணாம்பு உதிரும்.
ஒடிசாவிலிருந்து வந்த பிகாஷுக்குத் தமிழில் ஒரே வார்த்தை,
மெதுவா.
அன்று அது போதுமாயிருந்தது.

சுவர் போனதும் வீடு திடீரென்று எதிரொலித்தது.
பதினைந்தடி பீம்
டாடா ஏஸில் வாலில் சிவப்புத் துணி ஆட வந்தது.
நூற்றுப் பதினைந்து கிலோ, ஐந்து பேர் தோள்.
இரு முனையிலும் சுவரைக் குடைந்து
கருங்கல் தலையணை வைத்துப் படுக்கப் போட்டோம்.
இடுக்குக்குத் தகட்டு ஆப்பு,
ஆப்புக்குச் சுத்தியல்,
சுத்தியலுக்கு அன்வரின் கெட்ட வார்த்தை.

பிறகு பட்டை வேலை, மாடியில்.
அங்கேயும் ஒரு கோடு இருந்தது:
அவள் பக்கம் வடகம், அவர் பக்கம் டிஷ்.
எதிரே சையத் பாஷா மலை வெயிலில் வெந்தது.
தளத்தைக் கீறி எடுத்து
அவள் கல்லில் ஒரு துளை, அவர் கல்லில் ஒரு துளை,
கோட்டின் குறுக்கே ஒரு இரும்புப் பட்டை.
இப்படி ஒன்பது.
இனி ஒரு கல் நகர நினைத்தால்
மறு கல்லிடம் கேட்க வேண்டும்.

ஜாக்கி இறக்கும்போது எங்களில் யாரும் பேசுவதில்லை.
பீமுக்கு அடியில் நூல் கட்டி
நான் தரையில் மல்லாந்திருந்தேன்.
மூன்று மில்லிமீட்டர் இறங்கியது.
நின்றது.
கெம்பராஜ் முகம் வெளுத்தார்.
இறங்காத பீமைத்தான் நான் நம்ப மாட்டேன்.
பாரம் இன்னும் அதன்மேல் வரவில்லை என்று அர்த்தம்.

பில் இரண்டாக வேண்டும் என்றார்கள்.
ஒரே பீமுக்கு இரண்டு பில் எழுதினேன்,
ஏழரை அடி, ஏழரை அடி.

இடித்ததில் முழுசாய்த் தேறிய செங்கல்லை
பிகாஷ் வாசலில் அடுக்கி எண்ணினான்.
நானூற்றுப் பதினொன்று.
இருநூற்றைந்து அவளுக்கு, இருநூற்றைந்து அவருக்கு.
மிச்சம் ஒன்று.

"அந்தக் கல்லு என் காசு."
"சிமெண்டு யாரு வாங்குனா, சொல்லு?"
"நீ வாங்குனது ரெண்டே மூட்டை."
"மூணு."

பத்தொன்பது வருடத்துக்குப் பிறகு
நேருக்கு நேர்,
நடுவில் ஒன்றுமில்லாமல்,
ஹால் முழுக்கக் குரல் மோதியது.

அன்வர் என்னைப் பார்த்துச் சிரித்தான்.
நான் ஸ்பேனரை எடுத்துக்கொண்டு மாடி ஏறினேன்.
ஏழாவது பட்டையில்
அவர் பக்கத்து போல்ட்டுக்கு
இன்னும் கால் திருகு பாக்கி.